ஒல்லாந்தர் கேட்ட கையெழுத்து

1

என்னுடைய சீதனக் காணியை நான் இன்னொருவருக்குக் கொடுக்க என் கணவரின் சம்மதக் கையெழுத்து வேண்டும் என்ற செய்தி ஒரு செவ்வாய்க்கிழமை மத்தியானம் வந்தது. அப்போது நான் பீலெஃபெல்டில் ஒரு பள்ளிக்கூடச் சாப்பாட்டு மண்டபத்தில் பிள்ளைகளின் தட்டுகளில் உருளைக்கிழங்கு மசியல் அள்ளிப் போட்டுக்கொண்டிருந்தேன். ஊரிலிருந்து, காணி உறுதிப் பத்திரம் எழுதும் நொத்தாரிசு குரல் செய்தியாக அனுப்பியிருந்தார். வேலை நேரத்தில் போனைத் தொடக் கூடாது. தொட்டேன். பாத்திரம் கழுவும் அறைக்குள் போய் நின்று காதில் வைத்துக் கேட்டேன்.

"அம்மா, எல்லாம் சரி. உறுதி எழுதலாம். ஆனால் தேசவழமைப்படி உங்கடை அவர் சம்மதமெண்டு எழுதிக் கையெழுத்து வைக்க வேணும். அது இல்லாமல் பதிய ஏலாது. மாதக் கடைசிக்குள்ளை பாருங்கோ."

முப்பத்துமூன்று வருடமாக இந்த நாட்டில் இருக்கிறேன். வங்கிக் கணக்கு, வாடகை ஒப்பந்தம், கார் ஓட்டும் அனுமதி, கடைசியாகக் குடியுரிமை, எல்லாவற்றிலும் என் கையால்தான் என் பெயரை எழுதியிருக்கிறேன். ஜெர்மன்காரர் கேட்காத கேள்வி இல்லை. வந்த புதிதில், எந்தப் பாதையால் வந்தாய், எந்த வாகனத்தில் வந்தாய், பக்கத்தில் யார் இருந்தார்கள் என்று மூன்று மணி நேரம் கேட்டார்கள். ஆனால் "உன் புருஷன் என்ன சொல்கிறார்?" என்று மட்டும் ஒரு கந்தோரிலும் கேட்டதில்லை. அதைக் கேட்க என் சொந்த ஊர்தான் மிச்சம் இருந்திருக்கிறது.

திரும்பி வந்து அகப்பையை ஆழமாகக் குத்தி அள்ளினேன். கோபத்தில்தான். முன்னால் நின்ற சின்னப் பெண்ணுக்கு இரண்டு மடங்கு மசியல் விழுந்துவிட்டது. அவளுக்கு ஒரே சந்தோஷம்.

2

விசயத்தை முதலிலிருந்து சொல்லிவிடுகிறேன்.

யாழ்ப்பாணத்தில் சுன்னாகத்துக்குக் கிட்ட எனக்கு நாலு பரப்பு வளவு, கால் ஏக்கர் வரும், இருக்கிறது. என் கலியாணத்துக்கென்று ஐயா எழுதித் தந்தது. ஒரு கிணறு, இரண்டு மாமரம், வேலி. மாப்பிள்ளை ஜெர்மனியில் இருந்தார், காணி ஊரில் இருந்தது. இரண்டில் ஒன்றோடுதான் இருக்கலாம் என்றபடியால் நான் மாப்பிள்ளையோடு இருக்க வந்தேன்.

நான் வெளிக்கிடுவதற்கு ஒரு வருடம் முந்தி அந்த வளவுக்கு செல்வராணி வந்தாள். கடற்கரைப் பக்கத்து ஊர்க்காரி. அவர்களுடைய ஊரை அப்படியே இராணுவம் எடுத்துக்கொண்டபோது, புருஷனோடும் கைக்குழந்தையோடும் ஒரு சைக்கிளில் ஏற்றக்கூடியதை ஏற்றிக்கொண்டு வந்தவள். "கொஞ்ச நாளைக்கு இருக்கட்டும்" என்று ஐயா சொன்னார். அவளுடைய ஊர் இன்னும் முள்ளுக்கம்பிக்கு அந்தப் பக்கம்தான். புருஷன் போய்ச் சேர்ந்து பத்து வருடமாகிறது. பிள்ளை கலியாணம் செய்து வேறு இடத்தில் இருக்கிறது. அவள் மட்டும் என் வளவில் தகரக் கொட்டிலோடு இருக்கிறாள். வருடா வருடம் கிணறு இறைப்பவள் அவள். பக்கத்து வளவுக்காரர் வேலியை ஒரு முழம் தள்ளிப் போட்டபோது நின்று சண்டை பிடித்தவளும் அவள்தான். நான் வைத்திருந்தது உறுதிக் கடுதாசியை மட்டும். காணியை வைத்திருந்தவள் அவள்.

இப்போது வீடில்லாதவர்களுக்கு வீடு கட்டிக் கொடுக்கும் திட்டமொன்று வந்திருக்கிறது. ஆனால் காணி அவளுடைய பெயரில் இருக்க வேண்டும். மாதக் கடைசியோடு பட்டியல் மூடப்படும். செல்வராணி இதையும் நேரே கேட்கவில்லை. "அக்கா, இருக்க விட்டிருக்கிறியள் எண்டு ஒரு துண்டு எழுதித் தந்தால் காணுமோ எண்டு கேட்டுப் பாக்கிறன்" என்றுதான் சொன்னாள். அது போதாது என்று எனக்குத் தெரியும். முழுவதையும் அவளுக்கே எழுதிக் கொடுப்பதென்று தீர்மானித்தேன். தீர்மானித்தபோது ஒரு பாரம் இறங்கியது மாதிரி இருந்தது. நல்ல காரியம் ஒன்றை இவ்வளவு சுலபமாகச் செய்யலாம் என்று நினைத்துச் சந்தோஷப்பட்டேன். சுலபம் என்று நினைத்தது என் பிழை.

இவரிடம் அப்போதே சொன்னேன். இவர் என்றால் சிவராசா, என் வீட்டுக்காரர். ட்ராம் பணிமனையில் வண்டி கழுவுகிற வேலை. அடுத்த வருடம் ஓய்வு. அதிகம் பேசாத மனிதர். "செல்வராணிக்கு எழுதிக் குடுக்கப் போறன்" என்றேன். "ம்" என்றார். எங்கள் வீட்டில் "ம்" என்றால் சம்மதம். இவ்வளவு காலமும் குடும்பம் அந்த ஓர் எழுத்தில்தான் ஓடியிருக்கிறது.

நொத்தாரிசின் செய்தி வந்த அன்று பின்னேரம் தேத்தண்ணியைக் கொண்டுபோய் வைத்துவிட்டுச் சொன்னேன்.

"இஞ்சருங்கோ, அந்த உறுதிக்கு உங்கடை சம்மதம் எழுத்திலை வேணுமாம்."

டிவியின் சத்தத்தைக் குறைத்தார். "என்ரை சம்மதமோ? உம்மடை காணிக்கோ?"

"சட்டமாம்."

"அப்ப நான் வைக்காட்டில்?"

சிரித்துக்கொண்டுதான் கேட்டார். ஆனால் கேட்டுவிட்டுச் சிரிப்பை எங்கேயோ வைத்துவிட்டார். தேத்தண்ணியைக் குடிக்காமல் எழும்பி, கீழே கெல்லருக்குப் போனார். இங்கே அடுக்குமாடி வீடுகளில் ஒவ்வொரு குடும்பத்துக்கும் நிலத்துக்கு அடியில் ஓர் அறை உண்டு, அதுதான் கெல்லர். ஒரு மணித்தியாலம் கழித்து ஏறி வந்தார். "பாப்பம்" என்றார்.

எங்கள் ஆட்கள் "பாப்பம்" என்றால் என்ன அர்த்தம் என்று வாசிக்கிற உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை.

3

மகள் தர்ஷினி ஹனோவரில் இருக்கிறாள். சட்டம் படித்துவிட்டு அங்கே நீதிமன்றத்தில் பயிற்சி. சனிக்கிழமைகளில் ரயிலேறி வருவாள், ஞாயிறு பின்னேரம் சாப்பாட்டுப் பெட்டிகளோடு திரும்புவாள். முந்தியெல்லாம் ஊர்க் கதை எடுத்தால் போனைப் பார்த்துக்கொண்டு "ஓம் ஓம்" என்பவள். இந்தக் கதையைக் கேட்டதும் கரண்டியைக் கீழே வைத்துவிட்டாள்.

"அம்மா, நில்லுங்கோ. அப்பா உங்கடை காணிக்கு கையெழுத்து வைக்க வேணும். அப்பான்ரை காணிக்கு நீங்கள்?"

"தேவையில்லை."

"ஏன்?"

"தேசவழமை."

"தேசவழமை எண்டால் ஒரு பதில் இல்லை அம்மா. அதை ஆர் எழுதினது?"

எனக்குத் தெரியவில்லை. தேசவழமை என்றால் வானத்திலிருந்து வந்தது என்றுதான் நானும் நினைத்திருந்தேன். அடுத்த சனிக்கிழமை அவள் பல்கலைக்கழக நூலகத்திலிருந்து ஒரு கட்டுப் பிரதியோடு வந்தாள். பிட்டையும் முட்டைப் பொரியலையும் தள்ளிவைத்துவிட்டு மேசையில் பரப்பினாள். முந்நூறு வருடத்துக்கு முன், யாழ்ப்பாணத்தை ஆண்ட ஒல்லாந்தருக்கு, அதாவது டச்சுக்காரருக்கு, எங்களுடைய காணி வழக்குகளைத் தீர்ப்பது பெரிய தலையிடியாக இருந்திருக்கிறது. ஓர் அதிகாரியைப் பிடித்து, இந்தச் சனத்தின் வழக்கங்களை எழுது என்று சொல்லியிருக்கிறார்கள். அவர் எழுதினார். எழுதியதைத் தமிழில் பெயர்த்து, ஊர்ப் பெரிய மனிதரான பன்னிரண்டு முதலிமாருக்குக் கொடுத்துச் சரிபார்க்கச் சொன்னார்கள். முதலிமார் சரி என்றார்கள். அதில் புருஷனைக் கேட்காமல் மனைவி எதையும் கொடுக்கக் கூடாது என்றும், யார் யாருக்கு அடிமை என்றும் எழுதியிருந்தது. அதற்கும் சரி என்றார்கள். பிறகு வந்த ஆங்கிலேயர் அதையே சட்டமாக வைத்துக்கொண்டு, தங்கள் பங்குக்கு, பெண் தன் காணியைக் கொடுக்கப் புருஷனின் சம்மதம் எழுத்தில் வேண்டும் என்று ஒரு வரியில் இறுக்கிக் கட்டினார்கள்.

"பன்னிரண்டு பேரும் ஆம்பிளையளோ?" என்று கேட்டேன்.

"வேறை என்ன அம்மா."

பன்னிரண்டு பேரையும் நினைத்துப் பார்த்தேன். வெள்ளைக்காரக் கந்தோரில் கதிரை போட்டு இருத்தியிருப்பார்கள். அதுவே பெரிய மரியாதை. ஆளுக்கொரு தலைப்பாகை. வாசிக்க வாசிக்கத் தலையாட்டியிருப்பார்கள். ஒருவராவது அன்றைக்கு வீட்டுக்குப் போய், "இஞ்சை பாரும், உம்மடை காணியைப் பற்றி இப்பிடி எழுதியிருக்கு, உமக்குச் சரியோ?" என்று கேட்டிருப்பாரா?

ஒல்லாந்தரை மட்டும் திட்டிவிட்டுப் போக எனக்கு ஆசைதான். நாலு பரப்பு வளவின் கதையில் எத்தனை கப்பல்! போர்த்துக்கேயர் காணிகளை எண்ணித் தோம்பு எழுதினார்கள், ஒல்லாந்தர் வழக்கத்தை எழுதினார்கள், ஆங்கிலேயர் பூட்டுப் போட்டார்கள். வாயால் சொல்லிக்கொண்டிருந்த காலத்தில் ஊருக்கு ஊர் கொஞ்சம் முன்பின்னாக இருந்திருக்கும், தேவைக்கு வளைந்தும் கொடுத்திருக்கும். எழுதி முத்திரை குத்தியபிறகு அது விறைத்துப்போனது. ஆனால் அவர்கள் மூன்று பேரும் எப்போதோ போய்விட்டார்கள். கொடி மாறியது, காசில் இருந்த தலை மாறியது, தெருப் பெயர்கூட மாறியது. இந்த ஒரு வரியை மட்டும் எங்கள் ஆட்கள் தூசி தட்டித் தட்டி வைத்திருக்கிறார்கள். அதில் எங்கள் ஆண்களுக்கு நட்டமில்லை, அதுதான் காரணம் என்று நினைக்கிறேன்.

தர்ஷினி பக்கங்களைப் புரட்டிக்கொண்டிருந்தாள். திடீரென்று மேசையில் தட்டினாள்.

"அம்மா! இது உங்களுக்குப் பொருந்தாது. யாழ்ப்பாணத்திலை குடியிருக்கிற தமிழருக்குத்தான் இந்தச் சட்டம். நீங்கள் முப்பத்துமூண்டு வருசமா இஞ்ச. ஜெர்மன் பாஸ்போர்ட். நீங்கள் யாழ்ப்பாணத்து ஆள் இல்லை!"

வழக்கில் வென்ற சந்தோஷத்தோடு சொன்னாள். என் முகத்தைப் பார்க்கவில்லை.

நொத்தாரிசுக்குப் போன் போட்டோம். அவர் கொஞ்சம் யோசித்தார். "பிள்ளை சொல்லுறதிலை நியாயம் இருக்கு. அம்மா நிரந்தரமா வெளிநாடு, யாழ்ப்பாணத்து வாசி இல்லை, திரும்பிக் குடியிருக்கிற எண்ணமும் இல்லையெண்டு ஒரு சத்தியக்கடதாசி தந்தால், வீட்டுக்காரரின்ரை கையெழுத்து இல்லாமல் செய்து பாக்கலாம்." அன்றைக்கே மாதிரியை அனுப்பியும் விட்டார்.

தர்ஷினி அதை அச்செடுத்து என் முன்னால் வைத்தாள். "ஒரு வசனம்தானே அம்மா. உண்மைதானே?"

உண்மைதான். ஒரு பொய்யும் இல்லை. அவளுக்கு அது ஒரு வசனம், மற்ற வசனங்களைப் போல. அவள் இங்கே பிறந்தவள், எங்கே இருக்கிறாளோ அந்த ஊர்க்காரி. எனக்கு அந்தத் தாளை மடிக்கவும் மனமில்லை, விரித்து வைக்கவும் மனமில்லை. அவள் ரயிலேறிய பிறகும் அது சமையலறை மேசையில் கிடந்தது.

4

வேலையிடத்தில் என்னோடு நிற்கிற ஹைக்கேக்கு அறுபத்துமூன்று வயது. என் முகத்தைப் பார்த்து ஏதோ பிழை என்று கண்டுபிடித்துவிட்டாள். எனக்கு ஜெர்மன் மொழியில் சட்டம் விளக்குகிற அளவுக்கு நாக்குப் புரளாது. கோபம் வந்தால் வினைச்சொல்லை எங்கே வைப்பதென்று மறந்துவிடும். எப்படியோ சொல்லி முடித்தேன்.

"உன் புருஷன் அனுமதிக்க வேண்டுமா?" என்றாள். கண்ணில் அந்தப் பரிதாபம் வந்துவிட்டது. எனக்கு அதைக் கண்டால் பிடிக்காது. எங்களுடைய பிழைகளை நான் எவ்வளவும் திட்டுவேன், இன்னொருவர் அதற்காக என்னைப் பார்த்து இரங்கினால் உடனே ஊர்ப்பக்கம் நின்றுவிடுவேன். "இது உங்கள் பக்கத்துக்காரர் ஒல்லாந்தர் எழுதியது" என்றேன், கொஞ்சம் வெடுக்கென்று.

அவள் கோபிக்கவில்லை. தட்டுகளை அடுக்கிக்கொண்டே, தன் அம்மா இளம் வயதில் இதே நகரத்தில் ஒரு தையல் தொழிற்சாலைக்கு வேலைக்குப் போனபோது, "புருஷன் சம்மதமா?" என்றுதான் முதலில் கேட்டார்களாம் என்றாள். அப்பா வந்து நின்று சரி என்று சொன்ன பிறகுதான் வேலையாம்.

"இங்கேயா?"

"இங்கேதான். அந்தக் கதையை அம்மா சாகும்வரை சொல்லிக்கொண்டிருந்தாள். அப்பா எப்போதோ மறந்துவிட்டார்."

அன்று மிச்சம் வந்த புடிங்கை இரண்டு பேரும் நின்றபடியே சாப்பிட்டோம். மனம் கொஞ்சம் லேசானது. இந்த ஆண்கள் கப்பலேறிப் போன இடமெல்லாம் தங்கள் வீட்டு வழக்கத்தையும் கொண்டுபோயிருக்கிறார்கள், போன இடத்தில் தங்களைப் போல ஆண்களைக் கண்டதும் சுலபமாக ஒத்துப்போயிருக்கிறது என்று எண்ணிக்கொண்டேன்.

5

வேலை முடிந்து வீட்டுக்கு வந்தால், இவர் சமையலறையில் அந்தத் தாளை முன்னால் வைத்துக்கொண்டு இருந்தார். தேத்தண்ணி ஆறி ஆடை படர்ந்திருந்தது.

"இது என்ன, மங்களம்?"

"சத்தியக்கடதாசி."

"அது தெரியுது, வாசிச்சனான். நீர் யாழ்ப்பாணத்து ஆள் இல்லையெண்டு சத்தியம் பண்ணப் போறீரோ?"

"உங்கடை கையெழுத்து இல்லாட்டில் வேறை என்ன செய்யிறது? மாதம் முடியப் போகுது. அவள் அங்கை தகரத்துக்குக் கீழை கிடக்கிறாள்."

"என்னட்டை இன்னொருக்காக் கேக்கிறதிலும் பாக்க, ஊரை வேண்டாமெண்டு எழுதுறது லேசாக் கிடக்கோ உமக்கு?"

அவ்வளவுதான். எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. "என்ரை ஐயா தந்த காணி. அதுக்கு நான் ஏன் கேக்க வேணும்? இந்த நாட்டுக்கு வந்து எந்த அன்ட்ராக், எந்த விண்ணப்பம் நீங்கள் எழுதினனீங்கள்? எந்தக் கந்தோருக்கு நீங்கள் போய்க் கதைச்சனீங்கள்? எல்லாத்துக்கும் நான். இதுக்கு மட்டும் நீங்கள் ராசா! ரெண்டு கிழமையா 'பாப்பம், பாப்பம்' எண்டுறியள். என்னத்தைப் பாக்கிறியள்?"

அவர் எழும்பினார். "வாரும்" என்று சொல்லிவிட்டுக் கெல்லர் திறப்பை எடுத்தார்.

கீழே, காருக்கு மாற்றும் குளிர்காலச் சில்லுகளுக்குப் பின்னால் இருந்த இறாக்கைத் தட்டுகளில் அவருடைய பெட்டிகள். அவை எனக்குப் புதிதல்ல. வருடக்கணக்காக, கட்டடச் சாமான் கடைகளில் விலை குறைத்துப் போடும்போது தண்ணீர்க் குழாய், கதவுப் பூட்டு, பிணைச்சல், கைகழுவும் தொட்டி என்று வாங்கி அடுக்குவார். எங்கள் ஆட்களில் பாதிப் பேரின் கெல்லர் இப்படித்தான், ஊருக்குக் கொள்கலன் போகும்போது யாராவது உறவுக்காரருக்கு அனுப்ப உதவும். நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன். பெட்டிக்கு அடியிலிருந்து நாலாக மடித்த ஒரு தாளை எடுத்து விரித்தார். பென்சிலால் ஒரு வீட்டு வரைபடம். இரண்டு அறை, சமைக்கக் குசினி, விறாந்தை. மூலையில் ஒரு வட்டம், இரண்டு மரம். வட்டம் என் வளவுக் கிணறு என்று கண்டுபிடிக்க எனக்கு ஒரு நிமிடம் போதும்.

"குசினி ஜன்னல் கிணத்துப் பக்கம் வைச்சிருக்கிறன்" என்றார். "நீர் நிண்டு வெளியிலை பாக்க."

"எத்தினை வருசமா?"

"பிள்ளை பிறக்க முந்தி தொடங்கினது."

"ஏன் எனக்குச் சொல்லேல்லை?"

"சீதனக் காணியிலை வீடு கட்டுவம் எண்டு நான் எந்த வாயாலை கேக்கிறது? உம்மடை ஐயா என்ன நினைப்பார்?"

"ஐயா செத்துப் பதினாலு வருசம்!"

"அதுக்கு?"

எனக்குச் சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தன. என்னுடைய காணி என்பதால் நான் அவரைக் கேட்கவில்லை. என்னுடைய காணி என்பதால் அவரும் என்னைக் கேட்கவில்லை. இவ்வளவு காலமும் இரண்டு பேரும் மரியாதையாகத்தான் இருந்திருக்கிறோம்.

சில்லொன்றின் மேல் இருந்துகொண்டு அவர் சொன்னார்: "உண்மையைச் சொல்லுறன் மங்களம். கையெழுத்து வேணுமெண்டு நீர் சொன்ன உடனை, எனக்கும் அதிலை ஒரு சொல் இருக்கெண்டு முதல்தரம் நினைச்சன். நல்லாயிருந்தது. ரெண்டு கிழமை நல்லாயிருந்தது. பிழைதான். ஆனால் நல்லாயிருந்தது."

இதைக் கேட்டு எனக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். கொஞ்சம் வந்தது. ஆனால் பாருங்கள், இந்த மனிதரிடம் வாழ்க்கையில் யார் சம்மதம் கேட்டார்கள்? ஊரை விட்டு ஓடும்போது கேட்கவில்லை. இங்கே வந்ததும் எந்த முகாம், எந்த நகரம், எந்த வேலை என்று எல்லாம் கடிதத்தில் வந்தது. விடிந்ததும் விடியாததுமாகப் போய் மற்றவர்கள் ஏறி இறங்கும் ட்ராமைக் கழுவினார். முதல்முதலாக ஒரு சட்டம் அவரைப் பார்த்து, "நீ என்ன சொல்கிறாய்?" என்று கேட்டிருக்கிறது. அது என்றோ செத்துப்போன ஓர் ஒல்லாந்த அதிகாரியின் கேள்வி. அதை அவர் இரண்டு கிழமை கையில் வைத்துப் பார்த்திருக்கிறார்.

"நாங்கள் போய் இருக்க மாட்டம்" என்றார் பிறகு. "பிள்ளை இஞ்ச. டொக்டர் இஞ்ச. எனக்கும் தெரியும். அவள் அங்கை இருக்கிறாள். இருக்கிறவளுக்குத்தான் வீடு."

மேலே வந்து சத்தியக்கடதாசியை நான்தான் கிழித்தேன். சின்னச் சின்னதாகக் கிழித்துப் பழைய கடுதாசித் தொட்டியில் போட்டேன். அதைப் போடும்போது, நான் யாழ்ப்பாணத்து ஆள் என்பதற்கு இந்தச் சட்டம் என் கழுத்தைப் பிடிப்பதும் ஓர் அத்தாட்சிதான் என்று நினைத்தேன். பிடிக்கட்டும். என்னை விட்டுவிடு என்று கேட்க மாட்டேன், உன் பிடியைத் தளர்த்து என்றுதான் கேட்பேன்.

6

தூதரகக் கந்தோரில் டெர்மின், அதாவது சந்திக்கும் நேரம், கிடைத்தது மாதம் முடிய எட்டு நாள் இருக்கும்போது. மூன்று மணி நேர ரயில். மீன் பணிஸும் பிளாஸ்கில் தேத்தண்ணியும் கொண்டு போனோம். வழி முழுக்க இவர் மடியில் ஏதோ எழுதிக்கொண்டு வந்தார். குறுக்கெழுத்து என்று நினைத்தேன்.

கண்ணாடிக்குப் பின்னால் ஒரு தமிழ்ப் பிள்ளை இருந்தாள். நான் பழக்கதோஷத்தில் ஜெர்மனில் வணக்கம் சொன்னேன். அவள் தமிழில் பதில் சொன்னாள். எனக்கு வெட்கமாகப் போய்விட்டது. யாழ்ப்பாணத்து ஆளாம், வாயைத் திறந்தால் இப்படி.

ஊரில் இருக்கும் என் தம்பி என் சார்பில் உறுதியில் கையெழுத்து வைக்க அதிகாரம் கொடுக்கும் பத்திரத்தில் நான் ஒப்பமிட்டேன். சம்மதப் பத்திரத்தை இவர் முன்னால் வைத்தார்கள். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு ஒவ்வொரு சொல்லாக வாசித்தார். கையெழுத்து வைத்தார். இதற்குத்தானா இவ்வளவு பாடு என்று நான் பையை எடுக்க, அவர் சட்டைப் பையிலிருந்து ஒரு வெள்ளைத் தாளை எடுத்துக் கண்ணாடிக்குக் கீழால் தள்ளினார்.

அந்தப் பிள்ளை வாசித்தாள். இன்னொரு தரம் வாசித்தாள். "ஐயா, இது உங்கடை தகப்பன்வழிக் காணியைப் பற்றி எல்லோ எழுதியிருக்கிறியள். மனுசியின்ரை சம்மதம் இல்லாமல் விக்க மாட்டன், ஈடு வைக்க மாட்டன், ஒருத்தருக்கும் குடுக்க மாட்டன் எண்டு. ஆம்பிளையளுக்கு உது தேவையில்லையே. இதுக்கு ஃபோமும் இல்லை."

"தெரியும் பிள்ளை. ஃபோம் இல்லாதபடியால்தான் கையாலை எழுதினனான்."

"நான் இதுக்கு சீல் அடிக்க ஏலாது."

"சீல் வேண்டாம். கீழை ஒரு கோடு கிழிச்சிருக்கிறன், அதிலை இவ கையெழுத்து வைச்சால் காணும்."

அவள் என்னைப் பார்த்தாள். பின்னால் வரிசையில் நின்ற சனமும் பார்த்தது.  இப்படியான நேரத்தில் எனக்குச் சினம்தான் வரும். "சனம் பாக்குது, வாங்கோ" என்று தாளைப் பிடுங்கிக் கைப்பையில் வைத்துக்கொண்டு வெளியே வந்துவிட்டேன்.

பட்டியல் மூட இரண்டு நாள் இருக்க உறுதி பதிவானது. செல்வராணி போனில் எடுத்தாள். எல்லைகளை எல்லாம் வாசித்துக் காட்டினாள். கிழக்கே யார், மேற்கே யார், வடக்கே ஒழுங்கை, தெற்கே யார். தன் பெயர் வந்த இடத்தில் நிறுத்தினாள். "அக்கா, என்ரை பேர் முழுசாக் கிடக்கு" என்றாள்.  இப்போது அத்திவாரம் வெட்டியாயிற்று. கெல்லர்ப் பெட்டிகள் கொள்கலனில் போகின்றன. குசினி ஜன்னலை எந்தப் பக்கம் வைப்பது என்பது அவளுடைய விருப்பம்.

தர்ஷினியிடம் அப்பாவின் தாளைக் காட்டினேன். வாசித்துவிட்டு அதன் மடிப்புகளை விரலால் நீவினாள். பிறகு, "சட்டப்படி இது செல்லாது அம்மா" என்றாள், மூக்கை உறிஞ்சிக்கொண்டு.

"தெரியும் பிள்ளை."

நான் இன்னும் அதில் கையெழுத்து வைக்கவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் சாப்பாடு முடிந்ததும் இவர் தொண்டையைச் செருமிக்கொண்டு, "அந்தக் கடுதாசி என்ன மாதிரி?" என்று கேட்கிறார். நான் கோப்பைகளைக் கழுவிக்கொண்டு, "வாசிச்சுக்கொண்டிருக்கிறன்" என்கிறேன். ஒரு பக்கத் தாளை எத்தனை மாதம் வாசிப்பது என்று அவர் கேட்பதில்லை. வைப்பேன், வைக்காமல் விடுவேனா? ஆனால் எங்கள் குடும்பத்தில் ஓர் ஆண் தன் காணிக்காக மனைவியின் பதிலைக் கேட்டுக் காத்திருப்பது எனக்குத் தெரிந்து இதுதான் முதல் தடவை. அதை அவசரப்பட்டு முடித்துவிட எனக்கு மனம் வரவில்லை.